உண்டியலும் பேரேடும்



நம்மவர் குடிபெயர்ந்து சென்ற ஊர் எதுவாயினும், அங்கே பத்துக் குடும்பங்கள் சேர்ந்துவிட்டால் ஒரு சங்கம் பிறந்துவிடுகிறது. சங்கம் பிறந்த மறு ஆண்டே ஒரு நிதியும் பிறந்துவிடுகிறது. பொங்கல் விழா நிதி, பிள்ளைகளின் படிப்புதவி நிதி, மழையில் வீடிழந்தோர் நிதி என்று அதற்குப் பெயர்கள் பல. கொடுப்பதில் நாம் எவருக்கும் குறைந்தவர் அல்லர். கேட்பதிலும் கூச்சம் உடையவர் அல்லர். கேட்டுப் பெற்ற பணத்திற்குக் கணக்குச் சொல்வதில்தான் சற்றே பின்தங்கி நிற்கிறோம். இதைப் பிறர் குறையாக நான் எழுதவில்லை. இதில் எனக்கும் பங்கு உண்டு. பொன்முடியில் ஓர் அம்மையார் கேட்ட கேள்வி ஒன்றே இந்தத் திங்கள் என்னை எழுத வைத்தது.

திருவனந்தபுரம் இரயில் நிலையத்திற்கு எதிரே தம்பானூர்ப் பேருந்து நிலையம் இருப்பதை நேயர்கள் அறிவர். அங்கே பேருந்து ஏறினால் நெடுமங்காடு, விதுரை வழியாகக் கல்லாறு வரலாம். கல்லாற்றிலிருந்து மலைச்சாலை 22 கொண்டையூசி வளைவுகளைக் கடந்து பொன்முடிக்கு ஏறுகிறது. உச்சி ஏறத்தாழ 1,100 மீட்டர் உயரம். விடுமுறை நாள்களில் அங்கு வருவோர் மூடுபனியைக் கண்டு மகிழ்ந்து மாலையில் திரும்பிவிடுகின்றனர். சரிவுகளில் உள்ள தேயிலைத் தோட்ட லயங்களை அவர்கள் பெரும்பாலும் காண்பதில்லை. பாட்டன் காலத்தில் தமிழ்நாட்டிலிருந்து கொழுந்து பறிக்க வந்த குடும்பங்களின் வழித்தோன்றல்கள் அந்த லயங்களில் வாழ்கின்றனர்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மழைக்காலத்தில், அத்தகைய லயம் ஒன்றின் சுவர் இடிந்து மூன்று குடும்பங்கள் அவதியுற்றன. செய்தி கேட்டதும் நான் சேர்ந்திருந்த சிறு சங்கத்தார் உடனே வேலையில் இறங்கினோம். ஒருவர் அலுவலகத்தில் குறிப்பேடு வைத்து வசூலித்தார். மற்றொருவர் கோயில் திருவிழாவில் உண்டியல் ஏந்தினார். பணத்தைக் கைப்பேசி வழியாக அனுப்ப விரும்பியோருக்கு எங்கள் பொருளாளர் தம் சொந்த எண்ணையே கொடுத்தார். அக்காலத்தில் சங்கத்திற்குப் பதிவும் இல்லை, வங்கிக் கணக்கும் இல்லை, அச்சிட்ட இரசீதும் இல்லை. எங்களிடம் இருந்ததெல்லாம் நல்லெண்ணம் ஒன்றே. அது போதும் என்று எண்ணியிருந்தோம்.

இரண்டாம் ஞாயிறன்று மலையேறி, குடும்பத்திற்கு ரூ. 9,000 வீதம் ரூ. 27,000 கொடுத்தோம். அவர்களுள் மூத்த அம்மையார் ஒருவர் உறையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, பிறகு தயக்கத்துடன் கேட்டார்:

“தம்பி, தப்பா நினைக்காதீங்க. மொத்தம் எவ்வளவு சேர்ந்துச்சு? கொடுத்தவங்க பேரையும் ஒரு கடுதாசியில எழுதிக் கொடுங்க. நாளைக்கு அவங்கள்ல ஒருத்தர் இந்தப் பக்கம் வந்து கேட்டா, இவ்வளவு வந்து சேர்ந்துச்சுன்னு நாங்க சொல்லணுமில்லையா?”

பொருளாளர் என் முகத்தைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். எங்கள் இருவரிடமும் விடை இல்லை.

திரும்பி வந்து மூன்று இரவுகள் உட்கார்ந்து கூட்டிப் பார்த்தோம். வந்தது ரூ. 31,350. கொடுத்தது போக ரூ. 4,350 மீதியிருக்க வேண்டும். போர்வை வாங்கியதும் ஜீப் வாடகை கொடுத்ததும் நினைவுக்கு வந்தன. ஆயினும் ரூ. 1,200 எங்கே போயிற்று என்பது கடைசிவரை விளங்கவில்லை. பொருளாளர் நேர்மையானவர் என்பதில் எனக்கு அன்றும் ஐயமில்லை, இன்றும் ஐயமில்லை. அவருடைய கணக்கில் நிதிப்பணமும், மகளின் பள்ளிக் கட்டணமும், வீட்டு வாடகையும் ஒன்றோடொன்று கலந்துவிட்டன, நடந்தது அவ்வளவே. ஆனால் கூட்டத்தில் ஒருவர் ஒரு சொல் சொல்லிவிட்டார். பொருளாளர் மறுமொழி பேசாமல் தம் பையிலிருந்து ரூ. 1,200 எடுத்து மேசைமேல் வைத்துவிட்டு எழுந்து சென்றார். அதன்பின் அவர் கூட்டத்திற்கு வரவில்லை.

எனக்கு வேதனை தந்தது இதுதான். நான் இரயில்வேயில் எழுத்தனாகப் பணிபுரிகிறேன். பயணச்சீட்டு கொடுக்கும் முகப்பில் அமர்பவர், பணி தொடங்குமுன் தம் சட்டைப்பையில் உள்ள சொந்தப் பணம் எவ்வளவு என்று பதிவேட்டில் எழுதிவிட வேண்டும். பணி முடிந்ததும் பெட்டியில் உள்ள தொகை, விற்ற சீட்டுகளின் தொகையோடு ஒத்துப்போக வேண்டும். குறைந்தாலும் கேள்வி உண்டு; கூடினாலும் கேள்வி உண்டு. எழுத்தனைத் திருடன் என்று ஐயுறுவதால் இவ்விதி ஏற்படவில்லை. பின்னொரு நாள் எவரேனும் ஐயுற்றால், அவனைக் காப்பதற்குப் பதிவேடு சான்றாக நிற்கும் என்பதே அதன் பயன். வேலையிடத்தில் நாள்தோறும் இதைக் கண்டவன், சங்கத்தில் மறந்துவிட்டேன். ‘ஆற்றில் போட்டாலும் அளந்து போடு’ என்று நம் முன்னோர் சொன்னது எங்களுக்கென்றே சொன்னது போலும்.

அதன்பின் சட்டம் என்ன சொல்கிறது என்று விசாரிக்கத் தொடங்கினேன். நம்மவர் பலர் இதில் இரண்டு செய்திகளை ஒன்றாகக் குழப்பிக்கொள்கின்றனர். சங்கத்தைப் பதிவு செய்வது ஒன்று. பொதுமக்களிடம் நிதி கேட்பதற்குரிய விதி மற்றொன்று.

முதலில் பதிவைக் காண்போம். திருவனந்தபுரம் உள்ளிட்ட பழைய திருவிதாங்கூர், கொச்சிப் பகுதிகளுக்கு உரியது 1955ஆம் ஆண்டின் திருவிதாங்கூர்–கொச்சி இலக்கிய, அறிவியல், அறநலச் சங்கங்கள் பதிவுச் சட்டம். நாகர்கோவிலும் திருவனந்தபுரமும் ஒரே மாநிலத்தில் இருந்தபொழுது இயற்றப்பட்டது அது. 1956 நவம்பர் முதல் நாள் அந்த மாநிலம் மறைந்து, கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்தது. மாநிலம் மறைந்தும் அதன் பெயர் தாங்கிய சட்டம் கேரளத்தில் இன்றும் வாழ்கிறது. மலபார்ப் பகுதிக்கு 1860ஆம் ஆண்டின் பழைய சங்கப் பதிவுச் சட்டம் உரியது.

1955ஆம் ஆண்டுச் சட்டப்படி ஏழு பேரோ அதற்கு மேற்பட்டோரோ கூடி ஒரு சங்கத்தைப் பதிவு செய்யலாம். சங்கத்தின் பெயர், நோக்கம், நிர்வாகிகளின் பெயர், முகவரி, தொழில் ஆகியவற்றைக் கண்ட அமைப்பு விதிக்குறிப்பில் கையெழுத்திட்டு, நடைமுறை விதிகளோடு மாவட்டப் பதிவாளரிடம் தர வேண்டும். ஆண்டுதோறும் நிர்வாகிகளின் பட்டியலையும் தர வேண்டும்.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. கேரளச் சட்டம் பதிவு ‘செய்யலாம்’ என்கிறது. களியக்காவிளையைத் தாண்டித் தமிழ்நாட்டிற்குள் புகுந்தால் நிலை வேறு. அங்குள்ள 1975ஆம் ஆண்டுச் சங்கப் பதிவுச் சட்டம் இயற்றப்பட்டபொழுதே, 20 உறுப்பினரோ ஆண்டிற்கு ரூ. 10,000 வரவோ செலவோ உடைய சங்கம் பதிவு ‘செய்தே தீரவேண்டும்’ என்று விதித்தது. மகாராட்டிரத்தில் 1950ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அறக்கட்டளைகளை மேற்பார்வையிட அறக்கொடை ஆணையர் என்றே ஒருவர் இருக்கிறார்.

இனி இரண்டாவது செய்தி. அமெரிக்க ஐக்கிய நாட்டில் ஏறத்தாழ 40 மாநிலங்கள், பொதுமக்களிடம் அறக்கொடை கேட்குமுன் அந்தந்த மாநிலத்தில் பதிவு செய்துகொள்ள வேண்டும் என்று விதித்துள்ளன. சங்கம் எங்கே பதிவாயிற்று என்பதோடு அவை நின்றுவிடுவதில்லை. எந்த மாநிலத்து மக்களிடம் கை நீட்டுகிறது என்பதையும் பார்க்கின்றன. சிங்கப்பூரில் வெளிநாட்டு அறச்செயலுக்காகப் பொதுமக்களிடம் நிதி திரட்டுவதற்குத் தனி அனுமதி வேண்டும். ஐக்கிய அரபு அமீரகத்தில் 2021ஆம் ஆண்டுச் சட்டப்படி தனிமனிதர் நன்கொடை வசூலித்தல் கூடாது. துபாயில் உள்ள தம்பி ஊர்ப்பற்றின் மிகுதியால் உடன் பணிபுரிவோரிடம் வசூலித்து அனுப்புவாராயின், அவருக்கே தீங்கு நேரலாம். அவருக்கு இதை எழுதிவிடுதல் நலம்.

வெளிநாட்டுப் பணம் என்றதும் நம் நாட்டுச் சட்டமும் குறுக்கே வருகிறது. 1976இல் முதலில் இயற்றப்பட்டுப் பின் 2010இல் புதிதாக வகுக்கப்பட்ட வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டமே அது. இந்தியக் குடியுரிமையோடு வெளிநாட்டில் உழைப்பவர், தம் சொந்தச் சேமிப்பிலிருந்து வங்கி வழியாக அனுப்பும் பணம் வெளிநாட்டு நன்கொடை ஆகாது. ஆனால் சிங்கப்பூர்க் குடியுரிமையோ மலேசியக் குடியுரிமையோ பெற்றுவிட்ட மாமன் மகன் அனுப்பினால், உறவு எவ்வளவு நெருங்கியதாயினும், சங்கத்தைப் பொறுத்தவரை அது வெளிநாட்டு நன்கொடையே. மத்திய அரசின் பதிவோ முன்னனுமதியோ இன்றி அதனைப் பெறுதல் கூடாது. 2020ஆம் ஆண்டுத் திருத்தத்தின்பின், அனுமதி பெற்றவர்களும் அத்தகைய பணத்தைப் புது தில்லியில் உள்ள பாரத ஸ்டேட் வங்கிக் கிளையில் தொடங்கிய கணக்கிலேயே முதலில் பெற வேண்டும்.

வரிச்சலுகையும் தனி. சங்கம் பதிவாகிவிட்டதனால் மட்டும் கொடுப்பவருக்கு வருமான வரிச் சலுகை கிடைத்துவிடாது. அதற்கு வருமான வரித் துறையின் ஒப்புதல் வேண்டும். ஒப்புதல் இருப்பினும் ரூ. 2,000க்கு மேல் ரொக்கமாகக் கொடுத்த தொகைக்குச் சலுகை இல்லை.

கேரளத்தில் உண்டியல் ஏந்துவோர் அனைவரையும் கட்டுப்படுத்தும் பொதுச் சட்டம் ஒன்று இருப்பதாக நான் காணவில்லை. 2021இல் ஒரு குழந்தையின் மருத்துவச் செலவு பற்றிய வழக்கில், பொதுமக்களிடம் இவ்வாறு நிதி திரட்டுவதை அரசு கண்காணிக்க வேண்டும் என்னும் கருத்தைக் கேரள உயர்நீதிமன்றமே வெளியிட்டது. சட்டம் நம்மைக் கேட்கவில்லை என்பதால் கணக்கு வேண்டாம் என்று ஆகிவிடுமா? கேட்க ஆளில்லாத இடத்தில்தான் நம் ஒழுங்கு நம் கையில் இருக்கிறது.

எங்கள் சங்கம் ஓராண்டிற்குள் பதிவாயிற்று. அன்று நாங்கள் வகுத்துக்கொண்ட விதிகளை, பிற சங்கத்தார்க்கும் பயன்படும் என்று இங்கே தருகிறேன்.

முதலாவது, சங்கத்தின் பெயரில் உள்ள வங்கிக் கணக்கிற்கே பணம் வரவேண்டும். எவருடைய சொந்தக் கைப்பேசி எண்ணும் கொடுக்கப்படாது. இரண்டாவது, ரூ. 10 ஆயினும் வரிசை எண்ணிட்ட இரசீது உண்டு. அடிக்கட்டை சங்கத்தில் இருக்கும். மூன்றாவது, யாருக்காக, எந்த நாள்வரை வசூலிப்பது, மிஞ்சினால் என்ன செய்வது என்பதை வசூலுக்கு முன்பே கூட்டத்தில் தீர்மானமாக எழுதிவிட வேண்டும். நான்காவது, பணம் எடுக்க இருவர் கையெழுத்து வேண்டும். ஐந்தாவது, போக்குவரத்துச் செலவு உறுப்பினர் சந்தாவிலிருந்து வரவேண்டும். துயருற்றோர்க்கென்று வாங்கிய பணத்தில் தேநீரும் குடித்தல் ஆகாது. ஆறாவது, முப்பது நாளுக்குள் வரவு செலவைக் கொடுத்தவர் முன்னும் பெற்றவர் முன்னும் படித்துக் காட்ட வேண்டும்.

இவற்றையெல்லாம் துன்பம் வந்தபின் பார்த்துக்கொள்ளலாம் என்று சிலர் கூறலாம். துன்பம் நமக்குத் தவணை தருவதில்லை. 2020 ஆகஸ்ட் 6ஆம் நாள் இரவு மூணாற்றை அடுத்த பெட்டிமுடியில் மலை சரிந்து, தேயிலைத் தோட்டத்தில் உழைத்த நம் மக்கள் 70 பேர் மாண்டனர். அத்தகைய பொழுதில் எல்லார் கையும் தாராளமாக நீளும்; வசூலும் ஒரே நாளில் பெருகும். அன்று இரசீதுப் புத்தகம் அச்சிட எவருக்கு நேரமிருக்கும்? வாங்கும் பாத்திரத்தை முன்னரே துலக்கி வைத்திருந்தாலன்றோ பெய்யும் மழையைப் பிடிக்கலாம்!

பதிவுக்கு ஏழு கையெழுத்து வேண்டும் என்றேனன்றோ? ஆறு பேர் இட்டபின், ஏழாவதற்குப் பழைய பொருளாளரின் வீட்டிற்கே நானும் தலைவரும் சென்றோம். அன்று அச்சொல்லைச் சொன்ன அன்பரும் உடன் வந்து வருத்தம் தெரிவித்தார். நெடுநேரம் பேசாதிருந்த பொருளாளர், “கையெழுத்து இடுகிறேன். பணப்பொறுப்பு மட்டும் வேண்டாம்” என்றார். நாங்கள் வற்புறுத்தவில்லை. அவர் இப்பொழுது கூட்டத்திற்கு வருகிறார். கடைசி வரிசையில் அமர்கிறார்.

சென்ற ஆண்டு படிப்புதவியுடன் மீண்டும் பொன்முடி சென்றோம். கொடுத்தோர் பெயரும் தொகையும் தட்டெழுத்தில் அடித்த தாளை அந்த அம்மையாரிடம் தந்தேன். அவருக்கு எழுத்து வாசிக்கத் தெரியாது. பேத்தியை அழைத்து முதலிலிருந்து கடைசிவரை உரக்கப் படிக்கச் சொன்னார். ஐம்பது ரூபாய் கொடுத்தவர் பெயரையும் விடவில்லை. படித்து முடித்ததும் தாளை நான்காக மடித்து, குடும்ப அட்டை வைத்திருந்த உறைக்குள் பத்திரமாகச் செருகிக்கொண்டார்.

நேயர்களே, உங்கள் ஊர்ச் சங்கத்தில் அடுத்த முறை உண்டியல் உங்கள் முன் வரும்பொழுது, மனமுவந்து கொடுங்கள். கூடவே இரசீதும் கேளுங்கள். கேட்பது அவமதிப்பு அன்று. ஏந்தி வருபவரின் நற்பெயருக்கு அது காவல்.