பூட்டிய பலகணி

ஆங்கிலமே உலக அறிவின் பலகணி என்றும், அதனைச் சாத்தினால் தமிழினம் இருளில் கிடக்கும் என்றும் ஓயாது முழங்குவார் உளர். அவர்தாம் இலைபீரியாவை ஒருமுறை எண்ணிப் பார்ப்பாராக.

மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள அந்நாட்டின் ஆட்சிமொழி ஆங்கிலமே. 1978, 1979-ஆம் ஆண்டுகளில் அந்நாட்டார் 433 பேரிடம் எடுக்கப்பெற்ற குருதியைச் செருமானிய ஆய்வாளர் ஆய்ந்தனர். 26 பேரின் குருதியில் எபோலா நச்சுயிரிக்குரிய எதிர்ப்பொருள் காணப்பெற்றது. எபோலா நிலவும் பகுதிகளுள் இலைபீரியாவையும் சேர்த்தெண்ணல் வேண்டும் என்று 1982-இல் ஐரோப்பிய இதழொன்றில், ஆங்கிலத்திலேயே, அவர்கள் எழுதினர்.

2014-இல் அக்கொள்ளைநோய் பாய்ந்தது. இலைபீரியாவில் மட்டும் 4,800 பேருக்கு மேல் மாண்டனர். அம் முன்னெச்சரிக்கையோ அந்நாட்டு நலத்துறையார்க்கு எட்டவே இல்லை. அத்தகைய கட்டுரை ஒன்றைப் பெற அப்போது 45 தாலர் வேண்டியிருந்தது; அஃது அந்நாட்டு மருத்துவர் ஒருவரின் ஏறத்தாழ அரைக்கிழமை ஊதியமாக இருந்தது. இதனை 2015-இல் அந்நாட்டுத் தலைமை மருத்துவ அலுவலரே உலகறிய எடுத்துரைத்தார். கட்டுரை எழுதியோருள் இலைபீரியர் ஒருவரும் இலர். குருதி அவர்களுடையது, அறிவு பிறருடையது!

பலகணி இருந்தது. அதற்குப் பூட்டும் இருந்தது. திறவுகோலோ வணிகர் கையில் இருந்தது.

ஏழை நாடுகட்கு மருத்துவ இதழ்கள் விலையின்றியோ குறைந்த விலைக்கோ கிடைக்குமாறு, உலக நலவாழ்வு நிறுவனம் 2002-இல் ‘இனாரி’ எனும் திட்டத்தைத் தொடங்கியது. அதனால் விளைந்த பயனை மறுத்தல் அறமன்று. எனினும், அஃது உரிமையன்று, கொடையே. வருவாய்க் கணக்கால் தகுதி இருந்தும், பதிப்பகங்கட்கு இங்கு விற்பனை இருந்தமையின் இந்தியா அதில் சேர்க்கப்பெறவில்லை. 2011-இல் வங்கத்தேயத்திற்கு அளித்திருந்த இதழ்களுள் 2,000-க்கும் மேற்பட்டவற்றைப் பதிப்பகங்கள் திடுமெனப் பறித்துக்கொண்டன. எதிர்ப்பெழுந்த பின்னரே மீண்டும் திறந்துவிட்டன. கொடுத்த கை எப்பொழுதும் பறிக்கவும் வல்லது.

வேறு வழி இல்லையா? உண்டு. பிரேசில் நாட்டார் பொதுப்பணத்தைக் கொண்டு 1998-இல் ‘சியெலோ’ எனும் இதழ்த் தொகுப்பைத் திறந்தனர். போர்த்துக்கீசியம், எசுப்பானியம் ஆகிய தம் மக்கள் மொழிகளிலும் ஆய்வுகளை வெளியிட்டு, எவரும் விலையின்றிப் படிக்க வைத்தனர். பிற இலத்தீன் அமெரிக்க நாடுகளும் அவ்வழியில் இணைந்தன. அவர்கள் பிறர் பலகணிக்குக் காத்திருந்திலர். தம் வீட்டுக்குத் தாமே கதவு அமைத்தனர்.

தமிழர் கேட்க வேண்டுவன இரண்டே. மக்கள் வரிப்பணத்தில் நிகழும் மருத்துவ ஆய்வு எதுவாயினும் மக்கட்கு விலையின்றித் திறந்திருத்தல் வேண்டும். தமிழர் உடலை ஆய்ந்து கண்ட முடிவு, தமிழ்நாட்டுச் செவிலியும் ஊர்ப்புற மருத்துவரும் படித்துணருமாறு தமிழிலும் வெளிவருதல் வேண்டும். விலைப்பூட்டு, மொழிப்பூட்டு ஆகிய இரண்டனுள் ஒன்றை மட்டும் உடைப்பதால் கதவு திறவாது.

உயிர் காக்கும் அறிவு இரந்து பெறும் பொருளன்று. அஃது உரிமை, உரிமையைத் தாய்மொழியில் கேட்பதே முறை.