டெலிபோனில் டாக்டர் வந்தார், மாத்திரை எங்கே?

புதிய பாட்டு ஒன்று நாடெங்கும் பாடப்படுகிறது. ஆஸ்பத்திரிக்கு ஏன் அலைகிறாய், கியூவில் ஏன் கால் கடுக்க நிற்கிறாய், செல்போனை எடு, பொத்தானைத் தட்டு, டாக்டர் உன் எதிரில் வந்து நிற்பார் என்பது அதன் பல்லவி. சர்க்கரை வியாதியா, ரத்தக் கொதிப்பா, மூச்சிரைப்பா, எல்லாவற்றுக்கும் இதே மருந்துதானாம். பல்லவியோடு அனுபல்லவியும் வருகிறது: டெலிபோன் இருக்கும்போது கிராமத்துக்கு டாக்டர் எதற்கு? காலியாகக் கிடக்கும் நர்ஸ் வேலைகளை நிரப்புவானேன்? புதிய ஆஸ்பத்திரி கட்டிச் சர்க்கார் பணத்தைச் செலவழிப்பானேன்?

இதைக் கேட்டு ஆத்திரப்படும் நமது தோழர்களில் சிலர் நேர் எதிர்க்கோடிக்குப் போய்விடுகிறார்கள். தொட்டுப் பார்க்காத வைத்தியம் ஒரு வைத்தியமா, எல்லாம் மோசடி என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுகிறார்கள்.

இரண்டு அபிப்பிராயங்களும் தவறு. முதலாவது, உழைப்பாளியை ஏமாற்றுகிற தவறு. இரண்டாவது, உழைப்பாளிக்குப் பயன்படக்கூடிய ஒரு சாதனத்தை எதிரியின் கையில் விட்டுவிடுகிற தவறு.

12 நாள் கூலி

நீண்டகால வியாதி என்பது காய்ச்சல் அல்ல, மூன்று நாளில் இறங்கிவிடுவதற்கு. சர்க்கரை வியாதியும் ரத்தக் கொதிப்பும் வந்தால் ஆயுள் முழுவதும் கூடவே இருக்கும். அவற்றை அடக்கி வைக்கலாம். பெரும்பாலோருக்கு அடியோடு விரட்ட முடியாது. அடக்கி வைக்க மாதா மாதம் மருந்து வேண்டும், அளந்து பார்க்க வேண்டும், அளவுக்குத் தக்கபடி மருந்தைக் கூட்டவோ குறைக்கவோ வேண்டும். விட்டுவிட்டால் வலிக்காது. அதுதான் ஆபத்து. வலிக்காமலே கண்ணை, சிறுநீரகத்தை, இதயத்தை அரித்துக்கொண்டு போய் ஒரு நாள் கையும் காலும் விழுந்துவிடும்.

இது பணக்காரர் வியாதி என்று சொன்ன காலம் மலையேறிவிட்டது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் நடத்திய ஆய்வு 2023-ல் வெளியாயிற்று. அதன்படி நமது நாட்டில் சர்க்கரை வியாதி உள்ளவர்கள் சுமார் 10 கோடிப் பேர். ரத்தக் கொதிப்பு உள்ளவர்கள் 31 கோடிக்கு மேல். இத்தனை கோடியும் மாளிகைவாசிகளா? தறியிலும் ஸ்பின்னிங்கிலும் நிற்பவர்கள், நடவிலும் களையெடுப்பிலும் குனிந்திருப்பவர்கள் எத்தனை லட்சம்!

இவர்கள் மாதம் ஒருமுறை ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டுமானால் ஒரு நாள் வேலை போகிறது. வருஷத்துக்கு 12 நாள் கூலி. பஸ் சார்ஜ் தனி. துணைக்கு மகளோ மருமகளோ வந்தால் அந்தக் கூலியும் சேர்ந்து போகும். மருந்தை இலவசமாகக் கொடுத்தாலும் அதை வாங்கப் போவதற்கு நாம் விலை கொடுக்கிறோம். 'மாத்திரையை விட்டுவிட்டாயே' என்று கோபிக்கிற கனவான்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை.

ஆகவே, போன மாதம் பார்த்த டாக்டரே இந்த மாதம் டெலிபோனில் விசாரித்து, அளவு சரியாக இருந்தால் அதே மருந்தைத் தொடரச் சொன்னால், அந்தக் கூலி நமக்கு மிச்சம். இதற்குச் சட்டபூர்வமான இடமும் உண்டு. 2020 மார்ச் 25-ல் வெளியான டெலிமெடிசின் நெறிமுறைகள், நீண்டகால வியாதிக்கு ஏற்கெனவே எழுதிய மருந்தைத் தொடர்ந்து எழுதிக் கொடுக்க அனுமதிக்கின்றன. நேரில் பார்த்தே தீர வேண்டும் என்று தோன்றினால் நேரில் வரச் சொல்வதும் டாக்டரின் பொறுப்பு என்று அவை சொல்கின்றன. இதை நாம் ஏன் எதிர்க்க வேண்டும்?

டெலிபோனுக்குக் கை கிடையாது

ஆனால் டெலிபோன் எதைச் செய்யும், எதைச் செய்யாது என்பதை நாம் தெளிவாகத் தெரிந்துகொள்ள வேண்டும்.

பேசும், கேட்கும், படம் காட்டும். ரத்த அழுத்தத்தை அது அளக்காது. அளக்க ஒரு கருவியும், அதைக் கையில் கட்டிப் பார்க்கத் தெரிந்த ஓர் ஆளும் வேண்டும். மூன்று மாதச் சர்க்கரைச் சராசரியை அது சொல்லாது. அதற்கு ரத்தம் எடுக்க வேண்டும். சிறுநீரில் புரதம் இறங்குகிறதா, கண்ணின் பின்திரையில் ரத்தக் கசிவு உண்டா என்று அதற்குத் தெரியாது.

பாதத்தை எடுத்துக்கொள்வோம். சர்க்கரை வியாதி பாதத்தை மரத்துப்போகச் செய்கிறது. சேற்று வயலில் வெறுங்காலோடு இறங்குகிற பெண்ணின் காலில் முள் ஏறினால் அவளுக்குத் தெரியாது. தெரியும்போது புண் எலும்பு வரை போயிருக்கும். அந்தப் பாதத்தை நைலான் இழையால் தொட்டு, உணர்ச்சி இருக்கிறதா என்று சோதிக்க ஒரு நிமிஷம் போதும். ஆனால் தொட ஒரு கை வேண்டும். டெலிபோனுக்குக் கை கிடையாது.

டெலிபோனில் செய்யக்கூடியதையும் அவசர அவசரமாகச் செய்தால் பயனில்லை. நைட் ஷிப்டுத் தொழிலாளிக்கு வாரா வாரம் சாப்பாட்டு நேரம் மாறுகிறது. கிளிமிபிரைடு போன்ற மாத்திரையைப் போட்டுவிட்டு வயிறு காய நின்றால் சர்க்கரை திடீரென்று இறங்கும். வேர்க்கும், கை நடுங்கும், கண் இருட்டும். ஓடுகிற மெஷின் முன்னால் கண் இருட்டினால் என்ன ஆகும்? ரத்தக் கொதிப்புக்குச் சிறுநீரை அதிகப்படுத்தும் மாத்திரை சாப்பிடும் விவசாயத் தொழிலாளி சித்திரை வெயிலில் வேலை செய்தால் உடம்பில் நீர் வற்றித் தலை சுற்றும். 'மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை' என்று அவரே அதை நிறுத்திவிடுவார். அப்படித் தானாக நிறுத்துவது பேராபத்து.

இந்த இரண்டையும் டெலிபோனிலேயே சரி செய்யலாம். மருந்தை மாற்றலாம், நேரத்தை மாற்றலாம். ஆனால் எந்த ஷிப்டு, எப்போது சாப்பாடு, என்ன வேலை, எவ்வளவு நேரம் வெயில் என்று டாக்டர் கேட்டால்தானே? அடுத்தடுத்து அழைப்பு காத்துக்கிடக்க, வேகமாக முடி என்று டாக்டரையும் விரட்டினால் எங்கே கேட்பார்? ஒரு டாக்டருக்கு எத்தனை நோயாளி என்ற கேள்வி ஆஸ்பத்திரியில் இருந்ததுபோலவே டெலிபோனிலும் இருக்கிறது. கியூ ஒழியவில்லை, கண்ணுக்குத் தெரியாமல் போயிருக்கிறது. அவ்வளவுதான்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறோம். நெஞ்சு வலித்தால், வாய் கோணினால், ஒரு பக்கம் கை கால் இழுத்தால் டெலிபோன் டாக்டருக்காகக் காத்திருக்காதீர்கள். 108-ஐக் கூப்பிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

சர்க்கார் கணக்கே சாட்சி

டெலிபோன் இருந்தால் ஆள் வேண்டாம் என்பவர்களுக்குச் சர்க்காரின் கணக்கே பதில் சொல்லுகிறது.

இ-சஞ்சீவனி என்பது மத்திய சர்க்காரின் இலவசத் தொலைமருத்துவ ஏற்பாடு. 2023 பிப்ரவரியில் அதன் ஆலோசனைகள் 10 கோடியைத் தாண்டின. அப்போது ஆந்திரம் முதலிடம், தமிழ்நாடு இரண்டாமிடம். இதில் இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, வீட்டிலிருந்து நாமே டாக்டரைக் கூப்பிடுவது. மற்றொன்று, சுகாதார மையத்தில் ஊழியர் பக்கத்திலிருந்து அளந்து சொல்ல, தூரத்து டாக்டர் திரையில் பேசுவது. அந்த 10 கோடியில் மிகப் பெரும்பகுதி இரண்டாவது வழியில் நடந்தது. அதாவது, ஜனங்கள் தனியாகச் செல்போனை நம்பிப் போகவில்லை. மனிதர் இருந்த இடத்தைத் தேடிப் போனார்கள்.

ஆலோசனை பெற்றவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் பெண்கள். 2019-21 தேசிய குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி, தாங்களே உபயோகிக்கும் செல்போன் உள்ள பெண்கள் இந்தியாவில் நூற்றுக்கு 54 பேர்தான். மற்ற 46 பேருக்கு மையத்து ஊழியரும் மையத்துக் கருவியும் இல்லாவிட்டால் எந்த டாக்டர் திரையில் வருவார்?

நமது மாநிலத்தைப் பார்ப்போம். 2021 ஆகஸ்ட் 5-ல் கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் 'மக்களைத் தேடி மருத்துவம்' தொடங்கிற்று. சர்க்கரை, ரத்தக் கொதிப்பு மாத்திரைகள் வீட்டுக்கே வந்தன. பெண் ஊழியர்கள் வாசலில் வந்து அளந்தார்கள். 2020-ல் எடுத்த மாநில அளவீட்டில், ரத்தக் கொதிப்பு உள்ளவர்களில் அதைக் கட்டுப்பாட்டில் வைத்திருந்தவர்கள் நூற்றுக்கு 7 பேர் சொச்சம். 2023-24 அளவீட்டில் அது 17. நல்லது, வரவேற்கிறோம். மாத்திரையும் மனிதரும் வாசலுக்கு வந்தால் என்ன நடக்கும் என்பதற்கு இது அத்தாட்சி. ஆனால் மிச்சம் 83 பேர் எங்கே?

அந்த மாத்திரையைச் சுமந்து வந்த பெண்களுக்குத் திட்டம் தொடங்கியபோது கொடுத்தது மாதம் 4,500 ரூபாய். அதற்குச் சம்பளம் என்று பெயர் இல்லை, ஊக்கத்தொகை என்று பெயர். அவர்களுக்கு ஊழியர் என்ற பெயரும் இல்லை, தன்னார்வலர் என்று பெயர். வெயிலில் நடப்பது வேலை இல்லையா? வீட்டில் அடுப்பு எரிய ஆர்வம் போதுமா?

1946-ல் போர் கமிட்டி, 10 முதல் 20 ஆயிரம் ஜனங்களுக்கு 75 படுக்கையுள்ள ஓர் ஆஸ்பத்திரி வேண்டும் என்று நீண்டகாலத் திட்டம் வகுத்தது. வெள்ளைக்காரன் காலத்துக் கமிட்டி! இன்று 75 படுக்கை கேட்ட இடத்தில் ஒரு டெலிபோனைக் காட்டி, போதும் போ என்றால் நாம் தலையாட்ட வேண்டுமா?

வியாதியும் சந்தைச் சரக்காகிறது

டெலிபோன் வைத்தியத்தைக் கம்பெனிகளிடம் ஒப்படைத்தால் என்ன ஆகும்? அமெரிக்காவைப் பாருங்கள். சர்க்கரை வியாதிக்காரர்களைத் தூரத்திலிருந்து கண்காணிக்கும் லிவாங்கோ கம்பெனியை 2020-ல் டெலடாக் கம்பெனி சுமார் 1,850 கோடி டாலருக்கு வாங்கிற்று. நோயாளியின் ரத்தச் சர்க்கரை பங்கு மார்க்கெட் சரக்காயிற்று. 2022-ல் டெலடாக் காட்டிய நஷ்டம் சுமார் 1,370 கோடி டாலர். வாங்கிய கம்பெனிகளின் மதிப்பைக் கணக்குப் புத்தகத்தில் வெட்டித் தள்ளியதே அதில் பெரும்பகுதி. வால்மார்ட் தனது 51 மருத்துவ மையங்களையும் டெலிபோன் வைத்தியத்தையும் மூடப்போவதாக 2024 ஏப்ரலில் அறிவித்தது. வியாதி தீர்ந்ததா? இல்லை, இலாபம் கட்டவில்லை! ஆயுள் முழுவதும் கூட வரும் வியாதிக்கு, இலாபம் உள்ள மட்டும் கூட வரும் வைத்தியம் எதற்கு ஆகும்?

யாருடைய டாக்டர், யாருடைய நோட்டு?

மில் தொழிலாளர்கள் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. பஞ்சுத் தூசி நெஞ்சை அடைக்கும் நோய்க்குப் பிசினோசிஸ் என்று பெயர். லீவு முடிந்து வேலைக்கு வரும் முதல் நாளில் நெஞ்சு இறுகுவது அதன் ஆரம்ப அடையாளம். சட்டப்படி அது நஷ்டஈட்டுக்குரிய தொழில்நோய். முதலாளி அமர்த்திய டாக்டர் டெலிபோனில் இருமலைக் கேட்டு, 'பீடி குடிக்கிறாயா?' என்று மட்டும் விசாரித்து ஒரு மருந்தை எழுதினால், தூசி கணக்கில் வராது. நஷ்டஈடும் வராது.

சரி, நாம் சொன்ன வியாதி விவரம் யார் நோட்டில் ஏறுகிறது? 2023-ல் நிறைவேறிய தனிநபர் டிஜிட்டல் தரவுச் சட்டத்தின் 7-வது பிரிவில், வேலை சம்பந்தமாகவும், முதலாளியை நஷ்டத்திலிருந்து காப்பதற்காகவும் சம்மதமின்றியே தரவைக் கையாள இடம் வைத்திருக்கிறார்கள். ஒருவருக்குச் சர்க்கரை, இன்னொருவருக்குக் கொதிப்பு என்ற பட்டியல் மானேஜர் மேஜைக்குப் போனால் ஆட்குறைப்பில் முதல் பெயர் யாருடையது?

ஈ.எஸ்.ஐ.யையும் பார்ப்போம். 34 நீண்டகால வியாதிகளுக்கு நீடித்த சுகவீனப் பணம் கொடுக்க அதில் விதி உண்டு. சர்க்கரை வியாதி எப்போது அதில் சேரும்? கண்ணோ காலோ சிறுநீரகமோ கெட்ட பிறகு! கெடாமல் காக்கச் செலவாகும் ஒரு மணி நேரத்துக்கோ, சம்பள வெட்டு. விவசாயத் தொழிலாளிக்கு இந்த ஈ.எஸ்.ஐ.யும் இல்லை.

நாம் கேட்பது

1. டெலிபோன் வைத்தியம் ஆஸ்பத்திரிக்குத் துணையாக இருக்கட்டும், பதிலாக அல்ல. டாக்டர், நர்ஸ், லேப் டெக்னீஷியன் காலியிடங்களை நிரப்ப வேண்டும்.

2. ஒவ்வொரு துணை சுகாதார நிலையத்திலும் பிரஷர் கருவி, சர்க்கரை அளக்கும் பட்டை, ஒரு மாத மாத்திரை குறையாமல் இருக்க வேண்டும். டாக்டர் எழுதிய மாத்திரை கிடைக்காத ஆலோசனை வெறும் பேச்சு.

3. வருஷம் ஒருமுறையாவது கண், பாதம், சிறுநீர்ச் சோதனை நேரில், வசிக்கும் ஊரிலேயே நடக்க வேண்டும்.

4. மருந்துக்கும் டெலிபோன் ஆலோசனைக்கும் செலவாகும் நேரத்தை வேலை நேரமாகக் கணக்கிட வேண்டும். மாலையிலும் நைட் ஷிப்டு முடியும் நேரத்திலும் டாக்டர் கிடைக்க வேண்டும்.

5. தொழிலாளியின் வியாதி விவரம் முதலாளிக்குப் போகக்கூடாது. மில்லுக்கு வரும் வைத்தியம் சர்க்கார் வைத்தியமாக இருக்கட்டும். 2024 ஜனவரியில் தொடங்கிய 'தொழிலாளரைத் தேடி மருத்துவம்' எல்லா மில்களுக்கும் வரட்டும்.

6. வீடு தேடி வரும் பெண்களை ஊழியர்களாக அங்கீகரித்துச் சம்பளம் கொடுக்க வேண்டும்.

தோழர்களே! கோரிக்கை எழுதினால் போதாது, கணக்கும் எடுக்க வேண்டும். நமது தெருவில், நமது மில்லில் எத்தனை பேருக்குச் சர்க்கரை, எத்தனை பேருக்குக் கொதிப்பு, போன மாதம் யார் யாருக்கு மாத்திரை கிடைக்கவில்லை, எந்த மையத்தில் கருவி உடைந்து கிடக்கிறது என்று சங்கத்தில் விசாரித்து எழுதுவோம். பெயரைச் சங்கத்துக்குள் வைத்துக்கொள்வோம். எண்ணிக்கையை அதிகாரியின் மேஜையில் வைப்போம். டெலிபோனில் டாக்டர் வரட்டும், வேண்டாமென்று சொல்லவில்லை. ஆனால் அவர் சொல்லுகிற மாத்திரையும், அளக்கிற கையும், அதற்கான நேரமும் கூடவே வர வேண்டும். அவை வரும்வரை நாம் கேட்டுக்கொண்டே இருப்போம்.