தனுஷ்கோடியில் உலவுவது யார்?

தனுஷ்கோடியைப் பேய் உலவும் ஊர் என்கின்றனர். 1964 டிசம்பர் 22 நள்ளிரவுப் புயலில், பாம்பனிலிருந்து புறப்பட்ட ரயில் நூற்றுக்கும் மேற்பட்ட பயணிகளோடு கடலுக்கு இரையாயிற்று. மாண்டோரின் ஓலம் இன்றும் இரவில் கேட்கிறதாம்!

தோழர்களே, எண்ணிப் பாருங்கள். வாழத் தகுதியற்றது என்று அரசு அறிவித்த அதே மணலிலே, மீனவக் குடும்பங்கள் குடிசையிட்டு, ஊற்றுத் தோண்டி நீர் இறைத்து, வலை வீசி வாழ்கின்றன. 2017-இல் சாலை வந்தது. சுற்றுலாக் கூட்டமும் வந்தது. இடிந்த தேவாலயத்தைப் படம் பிடிப்போர், அருகிருக்கும் குடிசையை நோக்குவதில்லை. பேய் நகரம் என்று பெயரிட்டுவிட்டால், அங்கு வாழ்வோருக்கு விளக்கும் குடிநீரும் மருத்துவமும் வேண்டுமென எவர் கேட்பார்?

இல்லாத பேயின் ஓலத்துக்கு அஞ்சும் நாடு, இருக்கும் மனிதனின் குரலுக்குச் செவி சாய்க்கட்டும்!