போலீஸை உதைத்த நகைச்சுவை யாரைக் கண்டு திரும்பி நடந்தது?

மௌனப்பட நகைச்சுவை என்றாலே 'அதிகாரத்தைக் கேலி செய்த ஏழைகளின் கலை' என்று புகழ்வது முற்போக்குத் திரையிடல்களில் சடங்காகிவிட்டது. அது பாதி உண்மைதான்.

சாப்ளினின் 'தி இமிகிரண்ட்' 1917இல் வந்தது. பிழைப்புத் தேடி அமெரிக்கா வரும் ஏழைகள் கப்பலிலிருந்து சுதந்திர தேவி சிலையைப் பார்க்கிறார்கள். அடுத்த நொடியே அதிகாரிகள் அவர்களை மாடுகளைப் போலக் கயிற்றுக்குள் மடக்குகிறார்கள். சாப்ளின் திரும்பி அந்தச் சிலையை இன்னொரு முறை பார்க்கிறார். பிறகு அதிகாரிக்கு ஒரு உதை. பஸ்டர் கீட்டனின் 'காப்ஸ்' (1922) படத்தில் ஊரிலுள்ள மொத்த போலீஸும் ஒரே ஒருவனைத் துரத்துகிறது. இன்றும் நமக்குச் சிரிப்பு வருகிறது, காரணத்தோடுதான்.

ஆனால் அதே கீட்டனின் 'செவன் சான்சஸ்' (1925) படத்தைப் பாருங்கள். மாலை 7 மணிக்குள் கல்யாணம் செய்தால் நாயகனுக்கு 70 லட்சம் டாலர் சொத்து. வழியில் பார்க்கும் பெண்களிடமெல்லாம் கேட்கிறான். முன்னால் நடந்து போகும் ஒரு பெண்ணை எட்டிப் பிடிக்கிறான், முகத்தைப் பார்க்கிறான். கறுப்பினப் பெண். ஒன்றும் கேட்காமல் திரும்பி நடக்கிறான். ஜோக் அவ்வளவுதான். இந்தப் படத்தில் கறுப்பின வேலைக்காரராக வருபவரும் முகத்தில் கரி பூசிய வெள்ளையர்.

ஹாலிவுட் இருக்கும் கலிபோர்னியாவில் வெள்ளையர்-கறுப்பினத்தவர் திருமணத்துக்கு 1948 வரை சட்டத்தடை இருந்தது. கேலி செய்ய இதைவிட அபத்தமான சட்டம் வேண்டுமா? கீட்டன் அதைத் தொடவில்லை. அந்தத் தடை இயல்பானது என்று ஏற்றுக்கொண்டால்தான் அந்த ஜோக்குக்கே சிரிப்பு வரும். 1916இல் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வாசித்த கட்டுரையில் அம்பேத்கர் சாதியின் சாரம் அகமணம்தான் என்று நிறுவினார். அதைப் படித்த நமக்கு அந்தத் திரும்பி நடத்தல் எதைக் காவல் காக்கிறது என்று தெரியாதா?

'அந்தக் காலம் அப்படி' என்று உடனே ஒரு குரல் வரும். யாருடைய காலம், தோழரே? 1915இலேயே 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படத்தின் இனவெறியை எதிர்த்துக் கறுப்பின மக்கள் தெருவில் இறங்கிப் போராடினார்கள். வெள்ளையரின் கும்பல் கொலையைத் திரையில் காட்டிய 'விதின் அவர் கேட்ஸ்' படத்தைக் கறுப்பின இயக்குநர் ஆஸ்கர் மிஷோ 1920இல் எடுத்துவிட்டார். அவர்களுக்கும் அதே காலம்தான்.

படத்தைத் தடை செய்யச் சொல்லவில்லை. கல்லூரித் திரையிடலில் 'காப்ஸ்' போட்டால், அன்றே 'செவன் சான்சஸ்' படத்தையும் போடுங்கள். அந்தப் பெண் திரும்பும் இடத்தில் நிறுத்திவிட்டு, அரங்கில் யார் யார் சிரித்தார்கள் என்று கேளுங்கள்.