நூற்றெட்டா, நூற்று நாலா?

காஞ்சிபுரத்தில் 'நூற்றெட்டு' என்று சொன்னால் முன்பெல்லாம் திவ்ய தேசம் என்றுதான் அர்த்தம். அந்த 108-ல் 14 இந்த ஊருக்குள்ளேயே இருக்கின்றன. இன்றைக்கு அதே எண்ணைச் சொன்னால் ஆம்புலன்ஸ் வந்து நிற்கிறது. பெருமாள் இதற்காகக் கோபித்துக்கொள்ள மாட்டார். காப்பதுதானே அவர் தொழில்!

சென்ற மாதம் பிள்ளையார்பாளையத்தில் இருக்கும் என் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். இரண்டே நாளில் இரண்டு சம்பவங்கள்.

முதல் நாள் இரவு எட்டு மணிக்குத் தெரு முழுவதும் இருண்டது. தறிச் சத்தம் நின்றது. குழந்தைகளின் கூச்சல் ஆரம்பித்தது. எதிர் வீட்டு இளைஞர் ஒருவர் சட்டென்று 100-ஐ அழைத்தார். "சார், கரண்ட் போயிடுச்சு! சீக்கிரம் வாங்க!"

போலீசார் வந்து என்ன செய்வார்கள்? கரண்டைக் கைது செய்து அழைத்து வருவார்களா? மறுமுனையில் இருந்தவர் பொறுமைசாலி. மின்சார வாரியத்துக்குச் சொல்லும்படி யோசனை சொல்லி வைத்துவிட்டார். தெருவே சிரித்தது. நானும் சிரித்தேன்.

மறுநாள் நடந்தது சிரிப்பதற்கில்லை.

அக்கா வீட்டுக்கு அடுத்த வீட்டில் வயதான நெசவாளர் ஒருவர். காலையில் தறியில் உட்கார்ந்திருந்தவர் கையிலிருந்து நாடா நழுவி விழுந்தது. எடுக்கப் போனவருக்குக் கை ஒத்துழைக்கவில்லை. என்னவோ சொன்னார், பேச்சு குழறியது. வாய் ஒரு பக்கமாகக் கோணியிருந்தது.

"ராத்திரி சரியாத் தூங்கலே, தம்பி. வாயு பிடிச்சிருக்கு. ஒரு சோடா குடிச்சாச் சரியாப் போயிடும்" என்றார் அவர் மனைவி.

"நூற்றெட்டுக்குப் போன் பண்ணலாமா, பெரியம்மா?" என்று கேட்டேன்.

"ஐயையோ, வேணாம்! அது சாகக் கிடக்கறவங்களுக்கு வர்ற வண்டி. இதுக்குப் போய் அவங்களைத் தொந்தரவு பண்ணலாமா?"

காலேஜில் படித்த நானும் அதற்குத் தலையை ஆட்டினேன். சோடா வந்தது, விசிறி வந்தது, வெந்நீர் வந்தது. ஒரு மணி நேரமும் போயிற்று. அக்கா மகள் நர்ஸ் படிப்புப் படிக்கிறாள். வீட்டுக்குள் நுழைந்தவள் பெரியவர் முகத்தைப் பார்த்தாள். "மாமா, இது வாயு இல்லே, பக்கவாதம்! ஒரு மணி நேரமா என்ன பண்ணிட்டிருந்தீங்க?" என்று கத்திக்கொண்டே 108-ஐ அழைத்தாள்.

பெரியவர் பிழைத்துக்கொண்டார். ஆனால் நாடா எறிகிற வலது கை இன்னும் பழையபடி ஆகவில்லை.

முகம் கோணுவது, ஒரு கையைத் தூக்க முடியாமல் போவது, பேச்சு குழறுவது - இந்த மூன்றில் ஒன்று திடீரென்று வந்தாலும் பக்கவாதமாக இருக்கலாம். மூளை ரத்தக் குழாயில் அடைப்புதான் காரணம் என்று ஸ்கேனில் தெரிந்தால், அதைக் கரைக்க ஊசி மருந்து இருக்கிறது. அதை நாலரை மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும். எவ்வளவு முன்னால் போடுகிறோமோ அவ்வளவு நல்லது. அதுவரை சோடாவோ காப்பியோ வாயில் ஊற்றவே கூடாது. விழுங்கும் சக்தி குறைந்திருந்தால் புரை ஏறிவிடும்.

பார்த்தீர்களா, நேயர்களே? ஒரே தெருவில் இரண்டு தவறுகள். அழைக்கக் கூடாத எண்ணை ஒருவர் அழைத்தார். அழைக்க வேண்டிய எண்ணை நாங்கள் அழைக்கவில்லை.

இந்தச் சங்கடம் நமக்கு மட்டும் உரியதல்ல. 1935 நவம்பரில் லண்டன் விம்போல் தெருவில் ஒரு வீடு தீப்பிடித்தது. எதிர் வீட்டுக்காரர் தீயணைப்பு நிலையத்துக்குப் போன் செய்ய முயன்றார். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் மற்ற அழைப்புகளோடு அவருடையதும் வரிசையில் நின்றது. அந்தத் தீயில் ஐந்து பெண்கள் இறந்தார்கள். அவர் மனம் நொந்து 'டைம்ஸ்' பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். விசாரணை நடந்தது. 1937 ஜூன் 30-ம் தேதி 999 என்ற அவசர எண் பிறந்தது.

அமெரிக்காவில் 911 வந்தது 1968-ல். நாளடைவில் குப்பைக்கும் குழாய்க்கும்கூட ஜனங்கள் அதையே அழைத்தார்கள். உயிருக்குப் போராடுகிறவர் மறுபடியும் வரிசையில் நிற்க வேண்டியதாயிற்று. ஆகவே 1996-ல் பால்டிமோர் நகரம், அவசரமில்லாத விஷயங்களுக்கென்று 311 என்ற தனி எண்ணை ஏற்படுத்தியது.

நமக்கு அப்படி ஒரே ஓர் எண் இல்லை, பல இருக்கின்றன. 108 ஆம்புலன்ஸ் தமிழ்நாட்டில் 2008 செப்டம்பரில் ஓட ஆரம்பித்தது. இரவும் பகலும் உண்டு, காசு கிடையாது. போலீசுக்கு 100, தீயணைப்புக்கு 101. பதற்றத்தில் எதுவும் ஞாபகம் வரவில்லையா? 112 என்ற பொது அவசர எண் போதும்.

இரண்டு நாளாகக் காய்ச்சல், மாத்திரையில் சந்தேகம், மனசு சரியில்லை - இவற்றுக்கு 104. ஆலோசனை சொல்ல அங்கே ஆள் இருக்கிறார்கள். கரண்ட் போனால் 94987 94987. 2021-ல் வந்த 'மின்னகம்' அது. தெருவிளக்கு, குடிதண்ணீர், குப்பை என்றால் மாநகராட்சி. அங்கே காரியம் நடக்காவிட்டால் முதல்வரின் உதவி மையம் 1100. குழந்தைக்குக் கஷ்டமென்றால் 1098, பெண்களுக்கு 181, முதியோருக்கு 14567. பட்டுப் புடவை விற்ற பணத்தைப் போனிலேயே யாராவது ஏமாற்றிப் பிடுங்கிவிட்டால் 1930. அதில் மட்டும் தாமதம் வேண்டாம். பணம் கை மாறுவதற்குள் சொன்னால்தான் தடுக்க வழியுண்டு.

இத்தனையையும் யார் மனப்பாடம் செய்வது என்கிறீர்களா? வேண்டாம். ஒரே ஒரு கேள்வியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்: 'இதற்காக ஒரு மணி நேரம் காத்திருந்தால் யாருடைய உயிருக்காவது, உடம்புக்காவது ஆபத்து உண்டா?'

இல்லை என்று நிச்சயமாகத் தெரிந்தால் மற்ற எண்கள். உண்டு என்றால் அவசர எண். சந்தேகமாக இருந்தாலும் அவசர எண்தான்! கரண்ட் இல்லை என்பது புகார். அதே கம்பி அறுந்து தெருவில் கிடந்தால் அது ஆபத்து. யாரையும் கிட்டே விடாமல் உடனே தகவல் சொல்ல வேண்டும். கம்பியைத் தொட்டு ஒருவர் விழுந்து கிடந்தால் 108-ம் வேண்டும்.

அழைத்த பிறகு முதலில் இடத்தைச் சொல்லுங்கள். "கோயிலுக்குப் பக்கத்துத் தெரு" என்று காஞ்சிபுரத்தில் சொல்லிப் பிரயோசனமில்லை. இங்கே எந்தத் தெரு கோயிலுக்குப் பக்கத்தில் இல்லை? தெருப் பெயர், வீட்டு எண், யாருக்கு என்ன என்று சொல்லிவிட்டு, அவர்களாக வைக்கும்வரை நீங்கள் போனை வைக்காதீர்கள். ஒருவர் தெருமுனையில் போய் நின்று வண்டிக்கு வழி காட்டட்டும். தெருவில் பாவு நீட்டியிருந்தால் ஒதுக்கச் சொல்லுங்கள். அதற்கு யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள்.

ஊருக்குக் கிளம்பும்போது அடுத்த வீட்டில் சொல்லிக்கொள்ளப் போனேன். தறிக்குப் பக்கத்துச் சுவரில் தினசரிக் காலண்டர் தொங்கியது. அதன் அட்டையில் அக்கா மகள் எல்லா எண்களையும் எழுதியிருந்தாள். 108 மட்டும் சிவப்பு மையில், பெரிதாக.

பெரியவர் இடது கையைத் தூக்கி விடை கொடுத்தார். பெரியம்மா வாசல்வரை வந்தார்.

"தொந்தரவுன்னு நினைச்சேன், தம்பி" என்றார். "தொந்தரவு கொடுத்திருக்கணும்."