சம்பளத் துண்டில் ஒரு சதவீதக் கணக்கு

‘ஒரு தொகையின் 8% 2160 ரூபாய். முழுத்தொகை என்ன?’ பள்ளிக்கூடத்துல இதைப் பார்த்து ‘எதுக்கு இது?’னு கேட்டிருப்போம். மாத்தளைத் தோட்டங்கள்ல பதில் அம்மாவோட சம்பளத் துண்டுல இருக்கு.

ஊழியர் சேமலாப நிதிக்குச் சம்பளத்தில் 8% பிடிப்பார்கள். பிடித்தது 2160 என்றால், 8ஆல் வகுக்க 1% 270. நூறால் பெருக்கினால் முழுச்சம்பளம் 27,000. 2024 செப்டெம்பரில் நிர்ணயித்த அடிப்படை நாட்சம்பளம் 1350 ஆக இருந்தது. அதன்படி 20 நாளுக்குத்தான் ‘பேர்’ விழுந்திருக்கிறது.

அம்மா 22 நாள் மலைக்குப் போயிருந்தா? ரெண்டு பேர் எங்க? அரைப்பேரா போட்டுட்டாங்களா? 2700 ரூபாய் மட்டுமில்ல, அதுக்குத் தோட்டம் போடவேண்டிய 12% சேமிப்பும் சேர்ந்தே போகுது.

சாதாரண தரப் பரீட்சையோட இந்தக் கணக்கை விட்டுடக்கூடாது. அடுத்த சம்பளத்தன்னைக்கு அம்மாவோட உட்கார்ந்து போட்டுப் பாருங்க. கேள்வி கேட்க ஒரு எண் கையில இருக்கணும்.