குறிஞ்சி பூத்தபோது நாம் எங்கிருந்தோம்?

பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை பூப்பது நீலக்குறிஞ்சி. மூணாற்றை அடுத்த இரவிகுளம் மலைச்சரிவுகளில் 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, இனி 2030ஐ எதிர்நோக்கியிருக்கிறோம். எழுபது ஆண்டு வாழ்பவருக்கும் ஐந்தாறு முறைக்குமேல் வாய்க்காத காட்சி அது.

அத்தகைய அரிய பொழுதை நாம் என்ன செய்கிறோம்? பூவைக் கண்ணாரக் காணுமுன்பே கைப்பேசியை உயர்த்துகிறோம். படம் எடுத்தாயிற்று, உடனே தலை குனிகிறது. சென்று சேர்ந்ததா, பார்த்தார்களா, என்ன சொன்னார்கள் என்ற விசாரணையிலேயே மலைக்காற்று வந்து போய்விடுகிறது. கால்கள் மலைமீது, கவனமோ ஊரிலுள்ள உறவினர் வீட்டுக் கூடத்தில்!

"நினைவில் வைத்துக்கொள்ளத்தானே படம் எடுக்கிறோம்?" என்பர் சிலர். அமெரிக்க உளவியலாளர் லிண்டா ஹெங்கல் 2014இல் வெளியிட்ட ஆய்வு வேறு கதை சொல்கிறது. அருங்காட்சியகம் ஒன்றில் மாணவர்கள் வெறுமனே பார்த்த பொருள்களைவிட, முழுமையாகப் படமெடுத்த பொருள்களையே குறைவாக நினைவுகூர்ந்தனர். ஒரு பகுதியை மட்டும் நெருக்கிப் படமெடுத்தபோது அக்குறை தோன்றவில்லை. உற்று நோக்கியவருக்குக் கருவி தடையாகவில்லை. நோக்கும் வேலையையே கருவியிடம் ஒப்படைத்தவர்தாம் இழந்தனர். மலையிலும் மனம் அதே மனந்தானே?

உழைப்பில் களைத்த கவனம், வலிந்து முயலாமலே இயற்கையின் நடுவில் மீண்டும் தெளிவு பெறுகிறது என்று ரேச்சல் காப்லன், ஸ்டீவன் காப்லன் இருவரும் 1989இல் வெளிவந்த தம் நூலில் எடுத்துரைத்தனர். அந்த ஓய்வை நாடித்தானே மலையேறுகிறோம்? பின் அலுவலகத்தையும் அண்டை வீட்டையும் சட்டைப்பையில் சுமந்து ஏறுவானேன்?

வழி தவறியவரைக் கைப்பேசி காக்கும். வீட்டில் நோயுற்றோர் இருப்பின் அழைப்புக்குக் காத்திருக்கத்தான் வேண்டும். இவற்றை நாம் மறுக்கவில்லை. ஆனால் மலையுச்சியில் நம்மை வந்தடையும் செய்திகளில், மாலைவரை பொறுக்க இயலாதவை எத்தனை? விரல்விட்டு எண்ணிப் பாருங்கள், விரல்கள் மிஞ்சும். அவசரம் என்று பெயரிட்டு நாம் அஞ்சுவது தனிமைக்கே.

எனவே, 2030இல் மலையேறும்போது முதல் அரைமணி நேரமேனும் கைப்பேசி பைக்குள் உறங்கட்டும். கண்கள் முதலில் உண்ணட்டும். பிறகு ஒரு படம் எடுத்தால் போதும். அதை அனுப்ப, மலையிறங்கிய பின் நேரமுண்டு.

"குறிஞ்சி எப்படி இருந்தது, தாத்தா?" என்று நாளை பேரன் கேட்பான். படத்தைத் தேடாமல் அவனுக்குச் சொல்ல, நம்மிடம் ஏதேனும் மிஞ்சியிருக்க வேண்டாமா?